சீட்டெடுப்பில் போன வேலை

அகி கௌரிஸ்மாகியை உலகம் பெரும்பாலும் இயக்குநராகவே கொண்டாடுகிறது. நான் அவரை மீண்டும் மீண்டும் நாடுவது திரைக்கதை ஆசிரியர் என்பதற்காகத்தான். 1957இல் பின்லாந்தின் ஒரிமாட்டிலாவில் பிறந்து, திரைத்துறைக்கு வருமுன் தபால்காரராகவும் பாத்திரம் கழுவுபவராகவும் உழைத்த அவர், நாற்பது ஆண்டுகளாக வேலையிழப்பையும் வீடின்மையையும் அகதி வாழ்வையும் குடிப்பழக்கத்தையும் விடாமல் எழுதி வருகிறார்.

1990களின் தொடக்கத்தில் வங்கிகள் தள்ளாடி, சோவியத் ஒன்றியத்துடனான வணிகமும் அற்றுப்போனதால், 1994 வாக்கில் பின்லாந்தின் தொழிலாளர்களில் ஏறத்தாழ ஆறில் ஒருவர் வேலையின்றி இருந்தார். அந்த நாட்களைச் சொல்வது 1996இல் வெளிவந்த அவருடைய 'விலகிச் செல்லும் மேகங்கள்' படம். ஹெல்சிங்கியில் டிராம் ஓட்டும் லவுரி, சில ஓட்டுநர்களை நீக்கியாக வேண்டும் என்று நிர்வாகம் சொன்னதும், மற்றவர்களைப் போலவே சீட்டுக்கட்டிலிருந்து ஒரு சீட்டை எடுக்கிறான். சிறிய சீட்டு வந்ததால் அவன் வேலை போகிறது. அழுகை இல்லை, வாதம் இல்லை. ஆனால் தவணையில் வாங்கிய தொலைக்காட்சிப் பெட்டி வீட்டில் இருக்கிறது என்பது பார்ப்பவருக்குத் தெரியும். செய்தியை மனைவி இலோனாவிடம் அவன் உடனே சொல்வதில்லை. வேலையிழந்த ஒருவர் வழக்கமான நேரத்துக்குக் கிளம்பிப் போய்விட்டு மாலையில் திரும்புவதை என் குடும்பத்திலேயே கண்டிருக்கிறேன் என்பதால், அந்த மௌனம் எவ்வளவு உண்மையானது என்று எனக்குத் தெரியும். வறுமையைவிட வெட்கத்தை எழுதுவது கடினம். கௌரிஸ்மாகி அதைத்தான் எழுதுகிறார்.

2002இல் கான் திரைப்பட விழாவின் கிராண்ட் பிரீ விருதைப் பெற்ற 'கடந்தகாலம் இல்லாத மனிதன்' நினைவிழந்தவனைச் சரக்குப் பெட்டகத்தில் குடிவைத்தது. 2017இல் ஒரு நிலக்கரிக் கப்பலில் ஒளிந்து ஹெல்சிங்கி வந்திறங்கும் சிரிய இளைஞனின் கதையை எழுதினார். 2023இல் வந்த 'உதிர்ந்த இலைகள்' படத்தில், காலாவதியான உணவை எடுத்ததற்காகப் பல்பொருள் அங்காடி வேலையை இழக்கும் அன்சா, விருந்தாளி ஒருவனுக்காக இன்னொரு தட்டு வாங்குகிறாள். அதுவரை அவளிடம் இருந்தது ஒரே தட்டு. அவளுடைய தனிமையைச் சொல்ல வேறு எந்த வசனமும் தேவைப்படவில்லை.

பரிதாபத்தைக் கேட்டு வாங்காத எழுத்து என்பதால்தான் இவருடைய மாந்தர்கள்மீது எனக்கு இத்தனை மதிப்பு. 'விலகிச் செல்லும் மேகங்கள்' படத்தின் முடிவில், எல்லாக் கதவும் அடைபட்ட பிறகு, இலோனாவின் பழைய முதலாளி அம்மாள் பணம் போட, லவுரியும் இலோனாவும் ஓர் உணவகம் திறக்கிறார்கள். முதல் நாள் மேசைகளை ஆயத்தம் செய்துவிட்டு, யாராவது வருவார்களா என்று காத்து நிற்கும் அந்த உணவகத்தின் பெயர் 'வேலை'.