சாமி இல்லாத மலை

ஆஸ்லோவில் நாங்கள் குடியிருக்கும் அடுக்ககத்தின் லிஃப்டில், பக்கத்து வீட்டுப் பெரியவர் ஒருநாளும் என்னை நிமிர்ந்து பார்த்ததில்லை. வேலூராக இருந்தால் இந்நேரம் சம்பளம், சொந்த ஊர், பிள்ளை எத்தனை என்று எல்லாம் விசாரித்து முடித்திருப்பார்கள் என்று நொந்துகொண்டிருந்தேன். அதே மனிதர் ஒரு ஞாயிற்றுக்கிழமை நூர்மார்க்கா காட்டுப் பாதையில் எதிரே வந்து, முகமெல்லாம் சிரிப்பாக "ஹெய்" என்றபோது, வேறு யாரையோ சொல்கிறார் என்று நான் திரும்பிப் பார்த்தேன். இவர்களுக்கு நாக்கு அவிழ மரம் வேண்டும் போலிருக்கிறது.

டிசம்பரில் பிற்பகல் மூன்றேகால் வாக்கில் சூரியன் மறைந்துவிடும் ஊரில் வீட்டுக்குள்ளேயே கிடந்தால் மனம் சோர்ந்து போகிறது என்பதால், நானும் நடக்கத் தொடங்கினேன். அக்கினி நட்சத்திரத்துக்குப் பயந்து சன்னலைச் சாத்தி வளர்ந்தவன் வெளிச்சத்தைத் தேடி அலைவது எனக்கே வேடிக்கைதான். நார்வேயின் 1957ஆம் ஆண்டுச் சட்டப்படி, பயிரிடாத திறந்த நிலத்தில் யார் வேண்டுமானாலும் எவரையும் கேட்காமல் நடக்கலாம். குடியிருக்கும் வீடுகளிலிருந்து 150 மீட்டர் தள்ளிக் கூடாரமும் போடலாம். காப்புக்காட்டுக்குள் கால்வைக்க வனத்துறையின் அனுமதியை நாடிய நமக்கு இது நம்பும்படியாகவே இல்லை.

மரங்களில் உள்ள நீலக் குறி கோடை நடைக்கு, சிவப்புக் குறி பனிச்சறுக்குக்கு என்று புதிதாக வருபவர்களுக்கு விளக்கும் அளவுக்கு இப்போது ஊர்க்காரனாகிவிட்டேன். ஆனால் சொங்ஸ்வான் ஏரியைச் சுற்றப் போனால், ஏரி வலக்கைப் பக்கம் இருக்கும்படியே கால் திரும்புகிறது. பௌர்ணமிதோறும் அம்மாவுடன் போளூர் வழியாகத் திருவண்ணாமலைக்குப் பஸ் பிடித்துப் போய், எட்டு லிங்கங்களையும் கும்பிட்டபடி 14 கிலோமீட்டர் கிரிவலம் வந்த கால்கள் அல்லவா? மூன்று கிலோமீட்டருக்குச் சற்றே கூடிய இந்த ஏரிச்சுற்றில், குபேர லிங்கம் வருவதற்குள் வண்டி நிறுத்துமிடம் வந்துவிடுகிறது.

ஞாயிறுதோறும் காட்டு மலையில் நடக்கப் போகிறேன் என்றதும், "மலைமேல இன்னா சாமி?" என்று அம்மா தொலைபேசியில் கேட்டார்.

"சாமி இல்லம்மா. சும்மா ஏறி இறங்கறோம்."

"அப்போ சுகரா? டாக்டர் சொன்னாரா?"

அவர் கேட்டது நியாயந்தான். வேலூர்க் கோட்டை அகழியோரம் விடியற்காலையில் கைவீசி நடப்பவர்களில் பெரும்பாலோர் மருத்துவருக்குப் பயந்தவர்கள். பர்வதமலை ஏறுபவர்கள் மல்லிகார்ஜுனருக்காக ஏறுபவர்கள். இரண்டும் இல்லாமல் நடப்பதற்கு நம்மிடம் ஒரு காரணம் இருந்ததில்லை. எனக்கோ, அந்த ஞாயிற்றுக்கிழமை நடை இருப்பதால்தான் மற்ற ஆறு நாள்களும் நகர்கின்றன. அதை அம்மாவிடம் எப்படிச் சொல்வது என்று நான் யோசிப்பதற்குள், "அன்னதானமாவது போடறாங்களா?" என்றார். காட்டுக்குள் இருக்கும் உல்லவோல்செட்டர் குடிலில் வாஃபிள் கிடைக்கும் என்று சொன்னேன். அதன் விலையைச் சொல்லவில்லை.