தம்பியின் முழங்காலுக்கு ஒரு கிளைம் கேஸ்

தீர்ப்பு வந்துவிட்டது. சந்தோஷம்தான். ஆனால் அந்த ஏ.ஆர். காப்பியை (ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டின் நகல்) நினைத்தால் இப்போதும் எரிச்சல் வருகிறது.

பைபாஸில் பின்னாலிருந்து ஒரு குட்டியானை வண்டி தம்பியின் பைக்கை இடித்தது. டீக்கடையில் நின்றவர்கள் வண்டியை மடக்கி, 108-ஐயும் கூப்பிட்டார்கள். ஆஸ்பத்திரியில் இவன் மயக்கத்தில் கிடக்க, யார் சொன்னதை வைத்தோ விபத்துப் பதிவேட்டில் 'பைக்கில் போகும்போது சறுக்கி விழுந்தார்' என்று எழுதிவிட்டார்கள். இன்சூரன்ஸ் தரப்புக்கு இது போதாதா? வண்டி மோதவே இல்லை, தானாக விழுந்தவர் நஷ்டஈடு கேட்கிறார் என்று பதில் மனு போட்டார்கள். திருத்தித் தரச் சொல்லிப் போனால், "எழுதினது எழுதினதுதான். கோர்ட்ல சொல்லிக்கோங்க" என்று ஜன்னலைச் சாத்தினார் அங்கிருந்தவர்.

காப்பாற்றியது மோட்டார் வாகன ஆய்வாளரின் அறிக்கை. பைக்கின் பின் மட்கார்டும் நம்பர் பிளேட்டும் உள்வாங்கியிருந்ததை அவர் குறித்திருந்தார். சறுக்கி விழுந்த பைக்குக்குப் பின்னால் எப்படி அடிபடும்? டீக்கடைக்காரரும் கடையைப் பூட்டிவிட்டு வந்து சாட்சி சொன்னார். உங்கள் வீட்டில் யாருக்காவது இப்படி ஆனால், சேர்க்கும்போதே பதிவேட்டில் என்ன எழுதுகிறார்கள் என்று கேட்டுவிடுங்கள். எந்த வண்டி மோதியது என்று எழுதச் சொல்லுங்கள்.

எஃப்.ஐ.ஆர்., குற்றப்பத்திரிகை, வண்டியின் இன்சூரன்ஸ் எல்லாம் வக்கீல் குமாஸ்தாவே வாங்கிவிட்டார். நஷ்டஈட்டு மனுவைத் தள்ளிப்போட வேண்டாம்: 2022 ஏப்ரல் 1 முதல், விபத்து நடந்து ஆறு மாதத்துக்குள் போட வேண்டும் என்று சட்டத்தில் கெடு வந்திருக்கிறது. விபத்து நடந்த ஊரில்தான் போட வேண்டும் என்றில்லை, நாம் குடியிருக்கும் ஊர்த் தீர்ப்பாயத்திலும் போடலாம்.

அடுத்தது மெடிக்கல் போர்டு, அதாவது ஊனம் எத்தனை சதவீதம் என்று சான்று தரும் டாக்டர்கள் குழு. எக்ஸ்ரேயை செல்போனில் காட்டினால் பார்க்க மாட்டோம், ஃபிலிம் வேண்டும் என்றார்கள். ஃபிலிமோடு போனால் எலும்பு டாக்டர் லீவு. மாற்றுத்திறனாளி அடையாள அட்டையை நீட்டினோம். "அது வேற, இது வேற. கோர்ட் லெட்டர் எங்கே?" கையில் கடிதம், ஃபிலிம், டிஸ்சார்ஜ் சம்மரி, ஆதார் எல்லாம் இருந்தும், டாக்டர் இருக்கிறாரா என்று போன் போட்டுக் கேட்காமல் கிளம்பாதீர்கள். நொண்டிக்கொண்டே படியேறும் ஆளைத் திருப்பி அனுப்புவதில் அவர்களுக்கு ஒரு கூச்சமும் இல்லை.

கடைசியில் 35 சதவீத ஊனம் என்று சான்று வந்தது. உண்மையான சண்டையே அங்கேதான் ஆரம்பம். சதவீதத்துக்கு 5,000 ரூபாய் என்று பெருக்கிப் பார்த்தால் 1,75,000. லோக் அதாலத்தில் (சமரசம் பேசி முடிக்கும் மக்கள் நீதிமன்றம்) இன்சூரன்ஸ்காரர்கள் எல்லாம் சேர்த்து 4 லட்சம் என்றார்கள். வீட்டில் பாதிப் பேர் வாங்கிக்கொள்ளலாம் என்றார்கள். வக்கீல் கையெழுத்துப் போட விடவில்லை. தம்பி டைல்ஸ் ஒட்டுகிறவன். நாள் முழுக்கக் குத்துக்காலிட்டுச் செய்யும் வேலை. ராஜ்குமார் எதிர் அஜய் குமார் வழக்கில் 2010-இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: உடலில் எத்தனை சதவீதம் ஊனம் என்பதல்ல, அதனால் சம்பாதிக்கும் சக்தி எவ்வளவு போனது என்பதைத்தான் பார்க்க வேண்டும். இடது கை போனால் தச்சருக்குக் கிட்டத்தட்ட எல்லாமே போச்சு, அரசு குமாஸ்தாவுக்கு வேலையே போகாமல் இருக்கலாம் என்று அதில் உதாரணமே இருக்கிறதாம்.

குறுக்கு விசாரணையில் எதிர் வக்கீல், "கோர்ட் மாடிக்கு நடந்துதானே ஏறி வந்தீங்க?" என்றார். "ஆமாங்க, கைப்பிடியைப் பிடிச்சு." அவர் திருப்தியாக உட்கார்ந்துவிட்டார். நீதிபதிதான், "டைல்ஸ் ஒட்டும்போது எப்படி உட்காருவீங்க? காட்டுங்க" என்றார். கூண்டுக் கம்பியைப் பிடித்துக்கொண்டு பாதி இறங்கினான், முழங்கால் அதற்குமேல் மடங்கவில்லை. "போதும், எழுந்திருங்க" என்று சொல்லிவிட்டு ஏதோ குறித்துக்கொண்டார்.

சம்பள ரசீது எதுவும் கிடையாது. மேஸ்திரி தன் கூலி நோட்டைத் தூக்கிக்கொண்டு வந்தார். சிமென்ட் கறை படிந்த அந்த நோட்டில் நாள்வாரியாகத் தம்பி பெயருக்கு நேரே 900, 900 என்று இருந்தது. அதை முழுசாக ஏற்கவில்லை, மாதம் 15,000 என்றே வைத்தார்கள். அதோடு எதிர்கால உயர்வுக்கு 40 சதவீதம், 34 வயதுக்கு மல்டிப்ளையர் (வருட வருமானத்தைப் பெருக்கும் எண்) 16, வருமான இழப்பு 60 சதவீதம். கூட்டிக் கழித்தால் அந்தத் தலைப்பில் மட்டும் 24,19,200 ரூபாய். மருத்துவச் செலவு, வலி வேதனை தனி. மனுப் போட்ட நாளிலிருந்து 7.5 சதவீத வட்டி. (மருந்துச் சீட்டு இல்லாத பில்களைத் தள்ளிவிட்டார்கள். பில்லோடு சீட்டையும் சேர்த்துப் பின் அடித்து வையுங்கள்.)

இன்சூரன்ஸ் அப்பீல் போகவில்லை, பணத்தைக் கட்டிவிட்டார்கள். இப்போது வங்கியில் நிற்கிறோம். ஆதாரில் இனிஷியல் பெயருக்கு முன்னால், பாஸ்புக்கில் பின்னால். இரண்டும் ஒரே ஆள்தான் என்று எழுதிக்கொண்டு வரச் சொல்லியிருக்கிறார் மேனேஜர்.