ஆத்தங்குடிக் கல்லும் என் கேமராவும்

ஜனவரி 17, ஆத்தங்குடி

பதினாறு ஆண்டுகள் பிறருடைய ஆவணப்படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தவன், இன்று, செட்டிநாட்டு வீடுகளின் தரையில் பதிக்கக் கையால் செய்யும் ஆத்தங்குடிக் கல்லைப் பற்றி, நானே இயக்கும் முதல் படத்தைத் தொடங்கினேன். பட்டறையில் பெரியவர் இரும்புச் சட்டத்துக்குள் கண்ணாடியை வைத்து, அதன்மேல் அச்சைப் பொருத்தி, பூவின் ஒவ்வோர் இதழுக்கும் உரிய வண்ணச் சிமெண்ட் குழம்பைக் கரண்டியால் ஊற்றி, அச்சை அலுங்காமல் தூக்கினார். அந்த நேரத்தில் நான், கூரை இடுக்கு வழியே கண்ணாடியில் விழுந்த வெயிலுக்காக லென்ஸ் மாற்றிக்கொண்டிருந்தேன். திரும்பச் செய்ய முடியுமா என்று கேட்டேன்.

"ஊத்துனா ஊத்துனதுதான், தம்பி. அடுத்த கல்லுல பாத்துக்கங்க."

வெளிச்சத்துக்குக் காத்திருப்பது ஒளிப்பதிவாளனின் வேலை; நடந்ததைத் தவறவிட்டால் பழி இயக்குநருக்கு. இப்போது இருவரும் நானே என்பதால் சண்டை போடவும் ஆளில்லை.

ஜனவரி 18

மின்தடை. பேட்டரிகளுக்கு இரவே மின்னேற்றாதது என் தவறு. இரண்டு மணி நேரம்தான் படம் பிடித்தோம்.

ஜனவரி 20, கோட்டையூர்

ஏ. கே. செட்டியார் பிறந்த ஊர். ஜப்பானிலும் அமெரிக்காவிலும் ஒளிப்படக்கலை பயின்ற அவருக்கு, 1937 அக்டோபர் 2 அன்று கப்பல் பயணத்தில்தான் காந்தியைப் பற்றி ஆவணப்படம் எடுக்கும் எண்ணம் தோன்றியது. முப்பது ஆண்டுகளில் ஏறத்தாழ நூறு ஒளிப்பதிவாளர்கள் எடுத்திருந்த படச்சுருள்களை நாடு நாடாகத் தேடி 50,000 அடி சேர்த்து, அதிலிருந்து 12,000 அடியைத் தேர்ந்து, 1940-இல் வெளியிட்டார். 35 மி.மீ. சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும் என்பதால், அவர் அலைந்து சேர்த்தது மொத்தம் ஒன்பதே கால் மணி நேரம். நானோ மூன்று நாளில் பதினொரு மணி நேரம் பதிவு செய்துவிட்டு, பெரியவர் அச்சைத் தூக்கும் காட்சி ஒன்றுகூட ஒழுங்காக இல்லாமல் நிற்கிறேன். தாமே ஒளிப்படக்கலை கற்றவர், பிறர் எடுத்தவற்றை அவ்வளவு பொறுமையாகத் தேடியதுதான் எனக்கு வியப்பு.

ஜனவரி 22, காரைக்குடி

ஒரு வீட்டின் வளவில், அதாவது நடு முற்றத்தைச் சுற்றிய பகுதியில், காலை முதல் கேமராவை முக்காலியில் நிறுத்திவைத்து, வெயில் தரையில் நகர்வதைப் பதிவு செய்தேன். படம் அழகாக வந்தது. ஆனால் அதில் ஆளே இல்லை. பிற்பகல் அந்த வீட்டு ஆச்சி, "நடக்க நடக்கத்தானே கல்லு பளபளக்கும், நீங்க யாரையும் நடக்க விட மாட்டேங்கிறீகளே" என்றார். பிறகு கேமராவைத் தரையோடு இறக்கி, அவர் அடுப்படிக்கும் முகப்புக்குமாகப் போய்வருவதைத் தடுக்காமல் எடுத்தேன்.

ஜனவரி 29, ஆத்தங்குடி

முதல் நாள் ஊற்றிய கல், தொட்டித் தண்ணீரில் கிடந்து, வெயிலில் காய்ந்து, இன்று கண்ணாடியை விட்டது. மேகமூட்டம், நான் விரும்பும் வெளிச்சம் இல்லை. லென்ஸை மாற்றாமல், பெரியவர் கண்ணாடியைத் துடைத்து அடுத்த கல்லுக்குச் சட்டத்தில் வைக்கும் வரை ஓடவிட்டேன்: நான்கு நிமிடம், ஒரே காட்சி.