செட்டிநாட்டு வீட்டுச் சுவருக்குச் சிமெண்ட் ஆகாது

காரைக்குடி, கானாடுகாத்தான் பக்கம் பழைய வீடு பார்க்கப் போகிறவர்கள் பர்மா தேக்குத் தூணையும் இத்தாலிப் பளிங்கையும் படமெடுத்துக்கொண்டு திரும்பிவிடுகிறார்கள். சுவரை யாரும் பார்ப்பதில்லை. அது உள்ளூர்ச் செங்கல்லும் சுண்ணாம்பும்தான். கப்பலில் வந்த சரக்கல்ல.

இவ்வீடுகளில் பெரும்பாலானவை 19ஆம் நூற்றாண்டின் நடுவிலிருந்து 1940கள் வரை எழுந்தவை. முகப்பு, வளவு (நடுமுற்றத்தைச் சுற்றிய பகுதி), இரண்டாங்கட்டு, அடுப்படி என்று ஒரே நேர்கோட்டில் போகும். பெரிய வீடென்றால் முன்வாசல் ஒரு தெருவில், பின்வாசல் அடுத்த தெருவில். 1942இல் ஜப்பானியப் படை பர்மாவைப் பிடித்தது. அங்கே செட்டியார்கள் நடத்திவந்த கொடுக்கல் வாங்கல் நொடித்தது, வீடு கட்டுவதும் அநேகமாக நின்றது. பிறகு ஒரு வீட்டுக்குப் பல பங்காளிகள். யார் கையில் பணமிருக்கிறதோ அவர் அவசரத்துக்கு ஒட்டுப்போடுகிறார், சிமெண்டால்.

கெடுதல் அங்கேதான் தொடங்குகிறது. ஒன்றரை அடிக்குக் குறையாத கனமான சுவர் தரையிலிருந்து ஈரத்தை உறிஞ்சும். சுண்ணாம்புப் பூச்சு வழியே அதை வெளியே விட்டுவிடும். அடிப்பக்கம் மூன்றடிக்குச் சிமெண்ட் பூசினால் ஈரம் வெளியேற வழியில்லாமல் மேலே ஏறும். சிமெண்ட் முடிகிற இடத்துக்குச் சற்று மேலே வெள்ளையாக உப்புப் பூக்கும். அந்த உப்பு செங்கல்லின் நுண்துளைக்குள் படிகமாகிப் பருத்து முகத்தையே உதிர்க்கும். விரலால் தேய்த்தால் செம்மண் தூளாகக் கொட்டும். இதைப் பார்த்துவிட்டு இன்னும் இரண்டடி உயர்த்திச் சிமெண்ட் பூசுவார்கள்!

சரி செய்யும் முன் தண்ணீர் வரும் வழியைப் பாருங்கள். தெருவுக்கு ரோடு மேல் ரோடு போட்டு, முற்றத்து வடிகால் வெளிவாயைவிடத் தெரு உயர்ந்திருந்தால் மழைநீர் வீட்டுக்குள்தான் திரும்பும். அதைத் திருத்தாமல் சுவரில் கை வைப்பது வீண் செலவு.

பிறகு சிமெண்டை முழுக்கக் கொத்தி எடுக்க வேண்டும். மெல்ல, சிற்றுளியால், டிரில்லிங் மெஷின் வேண்டாம், செங்கல்லும் கூட வந்துவிடும். செங்கல் இணைப்புகளை முக்கால் அங்குல ஆழம் சுரண்டி, உப்பைக் காய்ந்த பிரஷால் தள்ளி, அதன்பிறகே நனைக்க வேண்டும். தண்ணீர் விட்டு நீற்றி, ஊறவிட்டுப் புளிக்கவைத்த சுண்ணாம்பு ஒரு பங்கு, சலித்த ஆற்றுமணல் மூன்று பங்கு. ஒரு பூச்சு அரை அங்குலத்தைத் தாண்டக்கூடாது. முதல் பூச்சு இறுகியபின் அடுத்தது. நேர்வெயில் படாமல் ஈரச்சாக்கு தொங்கவிட்டு ஒரு வாரமாவது காக்க வேண்டும். சீக்கிரம் காய்ந்தால் மயிர்க்கோடாக வெடிக்கும்.

கடுக்காய்த் தண்ணீர், கருப்பட்டி, முட்டை வெள்ளைக்கரு எல்லாம் மேற்பூச்சின் வழவழப்புக்கு. அடிப்பூச்சில் முட்டையைக் கொட்டுவது பணவிரயம். முடித்தபின் வெள்ளையடித்தால் போதும். பிளாஸ்டிக் எமல்ஷன் அடித்தால் சுவரின் மூச்சை மறுபடி அடைத்ததாகிவிடும்.