வாய்தா

எங்கள் சப்டைட்டில் மென்பொருளில் ஒரு வரி 42 எழுத்தைத் தாண்டினால் சிவந்துவிடும். ஆங்கிலத்துக்கு வைத்த கணக்கு அது. நாம் ஒரே எழுத்தாகப் பார்க்கும் 'கா'வை அது இரண்டாக எண்ணும். மெய்யெழுத்தின் புள்ளியையும் விடாது. 'உனக்காக' அதற்கு 7, 'உங்களுக்காக' 11. இந்த நாலு எழுத்தில் எனக்கு ஒரு பிற்பகல் முழுக்கப் போனது.

படம் 'வீர்-ஸாரா', இந்தி. யஷ் சோப்ரா இயக்கி 2004 தீபாவளிக்கு வந்தது. மூன்று மணி நேரத்துக்கு மேல் ஓடும். கூலி நிமிடக் கணக்கு என்பதால் நீளத்தைப் பற்றி எனக்குப் புகார் இல்லை.

அட்டாரி ரயில் நிலையக் காட்சி. தன்னை வளர்த்த சீக்கியக் கிழவியின் அஸ்தியைக் கரைக்க லாகூரிலிருந்து வந்த ஸாரா ஊர் திரும்புகிறாள். அவளைக் கட்டிக்கொள்ளப் போகிறவன் நடைமேடையிலேயே வந்து நிற்கிறான். இந்திய விமானப்படைக்காரனான வீர் தன் மனதில் இருப்பதைச் சொல்லி அனுப்புகிறான். தமிழ்ப் படக் காதலன் பழக்கத்தில் நான் பாட்டுக்கு 'உனக்காக' என்று அடித்துவிட்டேன். வரியும் கச்சிதமாக உட்கார்ந்தது.

சரிபார்க்கும் மேசையில் ஆம்பூர் பாய். வீட்டில் உருது, தெருவில் தமிழ். காதிலிருந்து ஹெட்போனைக் கழற்றாமலே கேட்டார்: "தம்பி, அவன் 'ஆப்'னு பேசுறான். நீ எப்படி 'நீ' போட்ட?"

"லவ் சீன் பாய். 'நீங்க'ன்னா பேங்க் மேனேஜர்கிட்ட பேசுற மாதிரி இருக்கும்."

"இன்னொருத்தனுக்கு நிச்சயம் ஆன பொண்ணு. அவன் வெச்சிருக்க மரியாதைதான்யா அந்த சீனே."

அவர் சொன்னது சரி. 'உங்களுக்காக' போட்டேன், வரி சிவந்தது. 'சரஹத்' என்று அவன் சொல்வதை 'எல்லைக்கு அப்பால்' என்று எழுதியிருந்தேன். அதை 'எல்லை தாண்டி' ஆக்கி, ஒரு 'எப்போதும்' வெட்டி, ஒரு வழியாகக் கறுப்புக்குக் கொண்டுவந்தேன். வெட்டியதில் எனக்கு இன்னும் வருத்தம் உண்டு. 1975-இல் மறைந்த மதன் மோகன் விட்டுப்போன மெட்டுகளை அவர் மகன் எடுத்துக் கொடுக்க, ஜாவேத் அக்தர் வரி எழுதிய படம் இது. நீட்டவும் முடியாது, குறைக்கவும் முடியாது, மெட்டுப் போட்டவரிடம் கேட்கவும் முடியாது. அக்தர் பட்ட பாட்டையும் கொஞ்சம் நினைத்துக்கொண்டேன்.

காதல் காட்சிகள் இப்படி உயிரை வாங்கின. இஷ்க், மொஹப்பத், ப்யார் என்று அவர்கள் ரகம் ரகமாக எடுத்து வீச, என் கையில் 'காதல்' ஒன்றுதான். அன்பு என்றால் அத்தை பாசம் மாதிரி ஆகிவிடுகிறது.

வீரைப் பாகிஸ்தானில் பொய்ப் பெயரில், உளவாளி என்று கையெழுத்து வாங்கி உள்ளே தள்ளிவிடுகிறார்கள். 22 வருடம் வாய் திறக்காமல் 786 என்ற எண்ணாகக் கிடக்கிறான். பாகிஸ்தானிய வக்கீல் பெண் சாமியா அவன் வழக்கை எடுத்து நடத்துகிறாள். நீதிமன்றக் காட்சிகள் கஷ்டமாக இருக்கும் என்று பயந்துதான் கடைசிக்குத் தள்ளி வைத்திருந்தேன். ஓடிப் போயின. வக்கீல், கைதி, அசல், நகல், ஜாமீன், ஆஜர், ரத்து... லாகூர் கோர்ட்டில் புழங்குவதற்கும் நம் ஜார்ஜ் டவுன் கோர்ட் வாசலில் காதில் விழுவதற்கும் உச்சரிப்புதான் வித்தியாசம்.

டீ குடிக்கும்போது பாயிடம் இதைச் சொன்னேன்.

"வாய்தாவை விட்டுட்டியே" என்றார். "அதுவும் அங்கேருந்து வந்த சரக்குதான். அங்க 'வாதா'ன்னா வாக்குக் குடுக்கிறது. இங்க வந்து கேஸைத் தள்ளிப்போடுறதா ஆயிருச்சு."

டம்ளர் கையில் அப்படியே நின்றது. இருபத்திரண்டு வருடம் அவன் காத்தது எந்த வாய்தா?

சாமியா சாட்சி தேடி இந்தியாவுக்குக் கிளம்பும் இடத்தில் 'வழக்குக்கு வாய்தா' என்று ஆசையாக எழுதி அனுப்பினேன். மூன்றாம் நாள் வாடிக்கையாளர் தரப்பிலிருந்து குறிப்பு வந்தது: பேச்சுவழக்கு, 'ஒத்திவைப்பு' என மாற்றவும்.

6 எழுத்து 11 ஆனது. வரி சிவந்தது. பாய் எட்டிப் பார்த்துவிட்டு, "பேசாம மாத்து தம்பி, பில் போகணும்" என்றார்.