அத்தையும் மருமகளும் ஓர் அடுக்குக் கணக்கும்

ஏப்ரல் 16, தங்கச்சிமடம்

நேற்றோடு தடைக்காலம் தொடங்கிவிட்டது, இனி ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகாது. அண்ணன் திண்ணையில் வலையை விரித்துப்போட்டு கிழிசல் பார்க்கிறார், எட்டாம் வகுப்புப் படிக்கிற அவர் மகள் கணக்கு நோட்டை மூடிவைத்துவிட்டு அவருக்கு நூல் சுற்றிக் கொடுக்கிறாள். பரீட்சைக்கு ஒரு வாரம்கூட இல்லை. நோட்டை வாங்கிப் பார்த்தால் 3க² × 4க³ = 12க⁶ என்று இருக்கிறது. (புத்தகத்து எக்ஸுக்குப் பதிலாக இங்கே க போட்டுக்கொள்கிறேன்.)

“ரெண்டு மூணு ஆறுதானே அத்தை?”

நடுவில் பெருக்கல் குறி நின்றால் கை அப்படித்தான் போகும். விதியைச் சொல்லாமல் விரித்து எழுதச் சொன்னேன்: 3 × க × க × 4 × க × க × க. எண்களைச் சேர்த்து 12 என்று எழுதினாள், மிச்சமிருந்த க ஒவ்வொன்றின் மேலும் விரல் வைத்து எண்ணினாள், ஐந்தாவதில் விரல் நின்றது. அவளே 6-ஐ அடித்து 5 போட்டாள். அடுக்கை மேலே சின்ன எண்ணாக எழுதும் வழக்கம் பிரெஞ்சுக் கணித அறிஞர் டெகார்ட் 1637-ல் வெளியிட்ட வடிவியல் நூலிலேயே இருக்கிறது, ஆனால் வர்க்கம் என்றால் அவர் பல இடங்களில் எழுத்தை இரண்டு முறைதான் எழுதியிருப்பார். அதனால் விரித்து எழுதுவதை யாரும் சின்னப்பிள்ளை வேலை என்று சொல்ல வேண்டாம்.

ஏப்ரல் 17

விடை சரியா என்று யாரையும் கேட்காமல் பார்க்க ஒரு வழி சொன்னேன், க-வுக்கு ஏதாவது ஓர் எண் போடு என்று. சுலபமாக இருக்கட்டும் என்று 1 போட்டாள். 12க⁵, 12க⁶ இரண்டுமே 12 வந்ததும் குழம்பிவிட்டாள். ஒன்றை எத்தனை முறை பெருக்கினாலும் ஒன்றுதான், அது தப்பைக் காட்டிக்கொடுக்காது. அப்புறம் 2 போட்டோம். கணக்கில் 3க² என்பது 12, 4க³ என்பது 32, பெருக்கினால் 12 × 32, அதாவது 384. 12க⁵ அதே 384, 12க⁶ போனால் 768.

ஏப்ரல் 18

க என்றால் கணவாய் மீன் என்று வைத்துக்கொள் என அண்ணன் உதவிக்கு வந்தார். வேண்டாம் என்றேன். கணவாயைக் கணவாயால் எப்படிப் பெருக்குவது? க என்பது பொருள் இல்லை, ஓர் எண். அவர் கையிலிருந்த வலைத்துண்டையே கேட்டு வாங்கினேன். அகலத்தில் 2க வலைக்கண், நீளத்தில் 3க வலைக்கண் என்றால் மொத்தம் 6க² கண். க 10 என்று வைத்தால் 20 கண்ணும் 30 கண்ணும், ஆக 600. அண்ணன் ஊசியைக் கீழே வைத்துவிட்டு, இதைத்தானே நான் தினமும் மனசுக்குள்ள போடுறேன் என்றார்.

ஏப்ரல் 20

5க × 2க⁴ = 10க⁴ என்று எழுதியிருந்தாள். “தனி க-வுக்கு மேல ஒண்ணுமே இல்லையே அத்தை.” எழுதாவிட்டாலும் அங்கே 1 இருக்கிறது, க ஒருமுறை நிற்கிறதே. பென்சிலால் சின்னதாக 1 போட்டுக்கொண்டதும் 10க⁵ வந்துவிட்டது. அதே கையோடு ம என்று இன்னோர் எழுத்தையும் சேர்த்து −2க²ம × 3கம³ கொடுத்தேன். குறி, எண், க, ம என்று ஒவ்வொன்றாகப் போய் −6க³ம⁴ என்று சரியாக முடித்தாள், எனக்குக் கண் கலங்கிவிட்டது.

கடைசியாக (2க³)². கொஞ்ச நேரம் பார்த்தாள். 2க³ × 2க³ என்று பிரித்து எழுதினாள், மறுபடி க ஆறையும் எண்ணி 4க⁶ போட்டாள்.

“அத்தை, இங்க மட்டும் மூணையும் ரெண்டையும் பெருக்குனாலும் சரியா வருதே!”

அதை நாளைக்குப் பேசுவோம் என்று சோறு போட்டேன்.