இரண்டு ஒற்றை

"பிள்ளை, ரெண்டு ஒற்றை ஒண்டாப் புரண்ட மாதிரிக் கிடக்கு."

நான் வாசிக்கக் கேட்டுக்கொண்டிருந்த அந்த அம்மா, புத்தகத்தின் இரண்டு தாள் சேர்ந்து புரண்டுவிட்டது என்று சொன்னது அவ்வளவுதான். குரலில் கோபம் இல்லை. அரிசி அளக்கிற கடைக்காரரிடம் ஒரு கொத்துக் குறையுது என்று சொல்வதுபோலச் சொன்னார். "இல்லையம்மா, சரியாத்தான் வாசிக்கிறன்" என்றேன். பொய். ஏழு மாதமாகியும் அந்தப் பதிலை விட்டு என்னால் வர முடியவில்லை.

யாழ்ப்பாணத்தில் நான் வேலை செய்கிற நூலகத்துக்குப் பக்கத்து வளவில் ரியூசன் நடக்கிறது. பேத்தியைக் கூட்டிவந்து விட்டுவிட்டு அவர் வெளித் திண்ணையில் இருப்பார். வெயிலுக்குள் இருக்கவேண்டாம் என்று நான்தான் உள்ளே கூப்பிட்டேன். ஒரு கண்ணில் ஒப்பரேசன் முடிந்திருந்தது, மற்றதற்கு நாள் கொடுத்திருந்தார்கள். ஒருநாள் நான் திரும்பி வந்த புத்தகங்களைத் தட்டில் அடுக்கிக்கொண்டிருக்க, கையில் இருந்த ஒன்றைக் காட்டி என்ன பேர் என்று கேட்டார். 'கரிப்பு மணிகள்' என்றேன்.

"கரிப்பெண்டால் உப்புக் கரிக்கிறதோ?"

"ஓம் அம்மா. தூத்துக்குடி உப்பளத்துச் சனத்தின்ரை கதை."

"நான் ஆறு வருசம் உப்பளத்திலை நிண்டனான்" என்றார். 1990இல் சண்டை மூண்டதோடு போன வேலை அது. எந்த உப்பளம் என்று நான் இங்கே எழுதவில்லை. அவர் எனக்குச் சொன்னவை, சொல்லாமல் விட்டவை இரண்டையும் ஓர் ஊர்ப்பெயரில் கட்டிவிட எனக்கு விருப்பமில்லை.

அப்படித்தான் வாசிக்கத் தொடங்கினேன். கிழமைக்கு மூன்று நாள், இருபது நிமிடம், என் மேசைக்கு எதிரே ஸ்டூலைப் போட்டு அவரை இருத்தி, மெல்லிய குரலில். நூலகத்தில் உரத்து வாசிப்பது ஒழுங்கு இல்லை. ஆனாலும் பின்னேரங்களில் பத்திரிகை மேசையில் இரண்டு மூன்று பேருக்கு மேல் இருப்பதில்லை.

அந்த நாவலை எழுதிய ராஜம் கிருஷ்ணனை நான் முன்பே வாசித்திருந்தேன். கம்பசில் படித்த காலத்தில் அவரைப் பற்றி ஒரு கட்டுரையும் எழுதியிருக்கிறேன். 1925இல் முசிறியில் பிறந்தவர், பதினைந்து வயதில் கல்யாணமானவர், கல்லூரிப் படிப்பு இல்லாதவர், 'வேருக்கு நீர்' நாவலுக்கு 1973இல் சாகித்திய அகாதமி விருது பெற்றவர் என்றெல்லாம் வரிசையாக எழுதினேன். நீலகிரிப் படகர்களுக்கு 'குறிஞ்சித் தேன்', கடற்கரைச் சனத்துக்கு 'அலைவாய்க் கரையில்', வயல் கூலிகளுக்கு 'சேற்றில் மனிதர்கள்', தீப்பெட்டி வேலைக்குப் போகிற பிள்ளைகளுக்குக் 'கூட்டுக் குஞ்சுகள்'. போய், இருந்து, கேட்டு எழுதுகிறவர். இவ்வளவும் எழுதிவிட்டுக் கடைசியில், கதையைத் தகவல் முந்திவிடுகிறது, கலை குறைகிறது என்று முடித்தேன். நல்ல புள்ளி கிடைத்தது.

அந்த அம்மாவுக்கு வாசித்தபோதுதான் அந்த முடிவு ஆட்டம் கண்டது. நான் குறையென்று எழுதிய இடங்களில்தான் அவர் நிமிர்ந்து இருந்தார். தண்ணீர் கட்டுவது, பாத்தியில் உப்பு விளைவது, வெறும் காலோடு நிற்பது, கூலிக் கணக்கு என்று வருகிற இடங்களில் குறுக்கே புகுந்து கதைப்பார். "அது சரி." "அது எங்கடை பக்கத்திலை வேறை மாதிரி." "சோளகக் காத்துப் பிடிச்சால்தான் எங்களுக்கு உப்பு. மாரி முந்திச்செண்டால் எல்லாம் கரைஞ்சு போம்." கண் கூசுகிற இடம் வந்தபோது நெடுநேரம் பேசாமல் இருந்துவிட்டு, "வெயிலைப் பாத்தாலும் பாக்கலாம் பிள்ளை, வெயிலுக்குள்ளை உப்பைப் பாக்கேலாது" என்றார். தூத்துக்குடிக்காரர் உப்பளத்தை 'அளம்' என்பது அவருக்கு நல்லாகப் பிடித்துவிட்டது. பிறகு தன் கதை சொல்லும்போதும், "நாங்கள் அளத்துக்கு விடியப் புறப்பட்டால்" என்றுதான் தொடங்குவார். கடலுக்கு அந்தப் பக்கத்துச் சொல் ஒன்று அவர் வாயில் அப்படி ஒட்டிக்கொண்டது.

அப்போதெல்லாம் எனக்குச் சரியான சந்தோசம். அந்தப் புத்தகத்தின் திகதித் தாளில் கடைசி முத்திரை 2011. 1979இல் வந்த நாவல், எங்கள் 894.8113 என்ற தமிழ் நாவல் தட்டில் இத்தனை வருடம் யாருக்காகவோ காத்திருந்தது போலவும், அந்த ஆளை நான்தான் கண்டுபிடித்துக் கொடுத்தது போலவும் ஒரு நினைப்பு.

அந்த நாவலில் கங்காணியின் கை பெண்கள் மேல் நீளுகிற பக்கங்கள் உண்டு. வேலை வேண்டுமென்றால் பொறுத்துப்போக வேண்டிய பெண்கள், அதை ஒருவருக்கொருவர் சொல்லிக்கொள்ளாமலே தெரிந்து வைத்திருக்கிறார்கள். கதையின் நாயகி பொன்னாச்சிக்கும் அது வருகிறது. அந்த இடத்துக்கு வந்தபோது என் விரல் இரண்டு ஒற்றையைச் சேர்த்துப் புரட்டியது.

'என் விரல்' என்று எழுதியிருக்கிறேன். இது சரியில்லை. முதல்நாள் இரவே வீட்டில் அந்தப் பக்கங்களை வாசித்துவிட்டு, எங்கே விட்டு எங்கே தொடங்கலாம் என்று பார்த்து, ஒரு கடதாசித் துண்டும் வைத்திருந்தேன். யோசித்துச் செய்ததுதான்.

எனக்கு நியாயம் இருந்தது. பத்திரிகை மேசையில் சாதாரணதரப் பரீட்சை எடுக்கிற பெடியள் இரண்டு பேர் இருந்தார்கள். பொது நூலகத்தில், ஊரறிந்த ஒரு பொம்பிளை அதை வாய்விட்டு வாசித்தால் அடுத்த நாள் கதை எங்கே போய் நிற்கும் என்று எனக்குத் தெரியும். அந்த அம்மாவின் மனம் நோகக்கூடாது என்றும் நினைத்தேன். ஆறு வருடம் அங்கே நின்றவர். என்னவெல்லாம் கண்டிருப்பாரோ, ஏன் அதைக் கிளறுவான்? இன்றைக்கும் இந்தக் காரணங்களைப் பிழையென்று என்னால் முழுதாகச் சொல்ல முடியவில்லை.

ஆனால் அந்தப் பெடியள் கையில் வைத்திருந்த பத்திரிகையில் இதைவிட மோசமான செய்தி தினமும் வருகிறது. அதை எடுத்து ஒளிக்க எனக்கு ஒருநாளும் தோன்றியதில்லை. என் முதல் வேலையில் எனக்கு மேலே இருந்த ஒருவர், கோப்பைக் காட்டுகிற சாட்டில் என் கதிரையின் முதுகில் கை வைத்துக்கொண்டு நிற்பார். அந்தக் கை கதிரையில் மட்டும் நிற்காது. ஒரு வருடத்துக்கு மேல் அதைப் பொறுத்துக்கொண்டு இருந்தேன், ஒருவருக்கும் சொல்லவில்லை. அந்தப் பக்கங்களை வாசித்த இரவு எனக்கு ஞாபகம் வந்தது அந்த அம்மா இல்லை, அந்தக் கதிரைதான். அதை உரத்து வாசிக்க என் வாய் வந்திராது. அவருக்காகத்தான் விட்டேன் என்று சொல்லிக்கொண்டதில் எவ்வளவு உண்மை என்று இப்போது தெரியவில்லை.

நான் பொய் சொன்னதும் அவர் மறுத்துப் பேசவில்லை. "சரி, வாசியுங்கோ" என்றார். மிச்சத்தை வாசித்தேன். ரியூசன் விட்டுப் பிள்ளைகளின் சத்தம் கேட்டதும் எழும்பி, சேலைத் தலைப்பால் கண்ணை ஒற்றிக்கொண்டு, வாசலில் செருப்பைப் போட்டுக்கொண்டே கேட்டார்:

"அந்தப் பெட்டை அடுத்த நாள் வேலைக்குப் போனவளோ?"

விட்ட பக்கங்களில் என்ன இருந்தது என்று அவருக்குத் தெரிந்திருந்தது. ஒரு வரி கேட்காமலே தெரிந்திருந்தது. "இன்னும் அவ்வளவு தூரம் வரேல்லை அம்மா" என்றேன்.

"போயிருப்பாள். போகாமல் என்ன செய்யிறது" என்றார். போய்விட்டார்.

அப்போதாவது நான் சொல்லியிருக்கலாம். 'இருங்கோ அம்மா, விட்டுட்டன், வாங்கோ வாசிப்பம்' என்று ஐந்தாறு சொல் போதும். இத்தனை தரம் மனத்துக்குள் சொல்லிப் பார்த்தாயிற்று. அவர் செருப்பின் வார் ஒருமுறை நழுவி, குனிந்து சரிசெய்தார். அவ்வளவு நேரம் எனக்கு இருந்தது.

அதற்குப் பிறகு அவர் உள்ளே வரவில்லை. பேத்தி சைக்கிளில் தனியாக வரத் தொடங்கிவிட்டாள். மற்றக் கண்ணின் ஒப்பரேசன் வந்திருக்கலாம். பிள்ளை வளர்ந்துவிட்டாள், கூட்டிவரத் தேவையில்லை என்றும் இருக்கலாம். நான் கேட்கவில்லை. கேட்டால் சாதாரணமான காரணம் ஒன்று கிடைத்துவிடும், அதைப் பிடித்துக்கொண்டு ஆறுதல்படுவேன் என்று எனக்கே பயமாக இருந்தது.

யாழ்ப்பாணத்தில் நூலகத்தில் வேலை செய்கிற எங்களுக்கு ஜூன் 1 சாதாரண நாள் இல்லை. 1981இல் பொது நூலகம் எரிந்ததையும், 97,000 அளவு நூல்கள் சாம்பலானதையும் பிள்ளைகளுக்கு ஒவ்வொரு வருடமும் சொல்வேன். இந்த முறை சொல்லிக்கொண்டு போகையில், 'வாசிக்க வந்தவன் கையிலிருந்து புத்தகத்தைப் பறிப்பது' என்ற இடத்தில் எனக்கு நாக்குத் தடக்கியது. அதையும் இதையும் பக்கத்தில் வைப்பது அநியாயம் என்று தெரியும். நெருப்பு வைத்தவர்களுக்கும், ஒரு பின்னேரம் நாலு பக்கத்தை விட்டவளுக்கும் இடையில் மலையளவு தூரம். ஆனாலும் தடக்கியது. ஒரு பெண் தூத்துக்குடி வரைக்கும் போய், அந்தச் சனத்தோடு இருந்து, அவர்கள் சொல்லக் கூசியதையும் கேட்டு எழுதிக் கொண்டுவந்து தந்திருக்கிறார். அது கடல் கடந்து, எங்கள் சண்டையெல்லாம் கடந்து, கேட்கவேண்டியவருக்கு ஒரு முழ தூரத்தில் வந்து நின்றபோது நான் கையை வைத்து மறித்துவிட்டேன்.

கலை குறைகிறது என்று அன்றைக்கு எழுதிய கட்டுரையையும் இப்போது நினைக்கிறேன். அந்த அம்மா ஒருநாளும் நாவல் நல்லது, கூடாது என்று சொன்னதில்லை. சரியா பிழையா என்று மட்டும்தான் பார்த்தார். இதைக் கொண்டு கலையை அளக்கலாமா என்று கேட்டால் எனக்கு இன்னும் தெளிவில்லை. 'குறிஞ்சித் தேன்' அளவுக்கு எனக்கு மற்ற நாவல்கள் ஒட்டவில்லை என்பதும் உண்மைதான்.

போன மாதம் பேத்தி வந்தாள். பத்தாம் ஆண்டு. "அம்மம்மா அந்த உப்புப் புத்தகத்தை எடுத்துக்கொண்டு வரச் சொன்னவ. நான்தான் வாசிச்சுக் காட்டவேணுமாம்" என்றாள். ராஜம் கிருஷ்ணனின் எழுத்துகளை அவர் உயிரோடு இருக்கும்போதே, 2009இல், தமிழ்நாட்டு அரசு நாட்டுடைமையாக்கிவிட்டது. அதனால் யாரும் காசில்லாமல் போனிலேயே வாசிக்கலாம். நான் அதைச் சொல்லவில்லை. தட்டுக்குப் போய் எடுத்து, உள்ளே அந்தக் கடதாசித் துண்டு இன்னும் இருக்கிறதா என்று பார்த்து, உருவி எடுத்துவிட்டு, திகதி அடித்துக் கொடுத்தேன்.

அவள் சைக்கிளில் ஏறிய பிறகுதான் நெஞ்சு திடுக்கிட்டது. ஐம்பதை நெருங்குகிற என்னால் வாசிக்க முடியாததை, பதினைந்து வயதுப் பிள்ளையின் கையில் ஒரு சொல்லும் சொல்லாமல் கொடுத்திருக்கிறேன். ஓடிப்போய் மறித்திருக்கவேண்டுமா? அல்லது அம்மம்மாவும் பேத்தியுமாக அந்தப் பக்கங்களைக் கடப்பதுதான் சரியா? அந்தப் பிள்ளையும் இரண்டு ஒற்றையைச் சேர்த்துப் புரட்டுவாளா? புரட்டினால் அவர் அவளிடமும் கேட்பாரா?

புத்தகம் தவணை கடந்து மூன்று கிழமை ஆகிறது. இரண்டு கிழமை கடந்தால் நினைவூட்டல் கடிதம் போகவேண்டும். கடிதத்தை எழுதி லாச்சிக்குள் வைத்திருக்கிறேன். அவள் ஒவ்வொரு பின்னேரமும் எங்கள் வாசலைத் தாண்டித்தான் ரியூசனுக்குப் போகிறாள். ஒருநாளும் நான் கூப்பிடவில்லை.